பாக்கிப் பணத்துக்கு மோசடிப் புகார் வேண்டாம்

பொங்கலூர், அவிநாசிபாளையம், கொடுவாய், பல்லடம் பகுதிகளில் நூல் விற்பவர்களுக்கும், பாவு கொடுக்கும் ஜவுளி உற்பத்தியாளர்களுக்கும், கூலிக்குத் தறி ஓட்டுபவர்களுக்கும், நிட்டிங், ஸ்டிச்சிங், செக்கிங் என்று ஜாப் ஒர்க் யூனிட் நடத்துபவர்களுக்கும்,



வர வேண்டிய பாக்கிக்காக ஒருவர் மேல் ஒருவர் போலீசில் மோசடிப் புகார் கொடுப்பதை நாம் நிறுத்த வேண்டும். அதைக் கேட்டுக்கொள்ளத்தான் இந்த மடல். நான் இந்த வட்டாரத்தில் வளர்ந்து, திருப்பூர் கோர்ட்டில் குற்றவியல் வழக்கு நடத்தும் வக்கீல். புகார் கொடுக்க வந்தவர்களுக்கும் எழுதிக் கொடுத்திருக்கிறேன், புகாருக்குப் பயந்து ஓடி வந்தவர்களுக்கும் முன் ஜாமீன் வாங்கிக் கொடுத்திருக்கிறேன். இரண்டு பக்கத்திலும் பார்த்ததை வைத்துத்தான் எழுதுகிறேன்.

நம் தொழில் கடனில் ஓடுவது எல்லோருக்கும் தெரியும். மில்லில் நூல் எடுப்பவர் முப்பது நாள் தவணையில் எடுக்கிறார். அவரிடம் வாங்குபவர் அறுபது நாள் கேட்கிறார். துணியாக, பனியனாக மாறி வெளியூர் வியாபாரியிடம் போன பிறகு தொண்ணூறு நாள், நூற்றிருபது நாள் ஆகிறது. மேலே ஒருவர் கை நிறுத்தினால் கீழே வரைக்கும் எல்லோர் கையும் நின்றுவிடும். 2025 ஆகஸ்ட் 27 முதல் இந்தியச் சரக்குக்கு அமெரிக்கா 50 சதவீத வரி போட்டபோது, பையர் ஆர்டரை நிறுத்தி வைத்தது வாஷிங்டன் செய்தியாக இருந்தது சில நாள்தான். அப்புறம் அது காஜா பட்டன் அடிப்பவரின் வாரக் கூலியில் வந்து நின்றது. இப்படிப்பட்ட சங்கிலியில் கடன் கொடுத்தவர், கடன்பட்டவர் என்று இரண்டு ஜாதி கிடையாது. நீங்கள் ஒருவருக்குக் கொடுக்க வேண்டும், உங்களுக்கு இன்னொருவர் கொடுக்க வேண்டும்.

ஏன் ஸ்டேஷனுக்குப் போகிறோம் என்பதும் எனக்குப் புரியாமல் இல்லை. சிவில் கோர்ட்டில் பத்து லட்சத்துக்கு வழக்குப் போட்டால் 3 சதவீதம், அதாவது முப்பதாயிரம் ரூபாய், கோர்ட் கட்டணம் முதலிலேயே கட்ட வேண்டும். தீர்ப்பு வாங்கவும், வாங்கிய தீர்ப்பை நிறைவேற்றவும் வருடக்கணக்கில் நடக்க வேண்டும். போலீஸ் புகாருக்குக் கட்டணம் இல்லை. மனு ரசீது கையில் கிடைத்த மறுநாளே எதிராளிக்கு ஸ்டேஷனில் இருந்து போன் போகிறது. ஆறு மாதமாகப் போனை எடுக்காதவர் தானாகவே கூப்பிட்டு, "அண்ணா, கொஞ்சம் டைம் குடுங்க" என்கிறார். இந்த ஒரு போனின் ருசிதான் நம்மைக் கெடுத்துவிட்டது.

ஒரு வெள்ளிக்கிழமை மாலை என் ஆபீசுக்கு வந்த தம்பதியைப் பற்றிச் சொல்கிறேன். ஊர், பெயர் வேண்டாம். கணவர் நான்கைந்து நிட்டிங் மெஷின் வைத்திருப்பவர். நூல் கொடுத்தவரோடு ஆறு வருடப் பழக்கம், ஒருவர் வீட்டு விசேஷத்துக்கு இன்னொருவர் மொய் வைத்தவர்கள். பாக்கி பதினொரு லட்சம். இவருக்கு வெளியூர் பார்ட்டியிடம் இருந்து அதைவிட அதிகமாக வர வேண்டியிருந்தது. அன்று காலை ஸ்டேஷனுக்கு வரச் சொல்லி, மத்தியானம் வரைக்கும் பெஞ்சில் உட்கார வைத்திருக்கிறார்கள். அந்த அம்மா மஞ்சள் பையில் இருந்து ஜி.எஸ்.டி. பில், பேங்க் ஸ்டேட்மெண்ட் எல்லாம் எடுத்து மேஜையில் வைத்தார். கடைசியாக மடித்து வைத்திருந்த ஒரு வெள்ளைத்தாளின் ஜெராக்ஸை எடுத்தார். மூன்று வாரத்துக்குள் மொத்தத்தையும் கட்டிவிடுகிறேன் என்று எழுதி, கீழே இவர் கையெழுத்து. கையெழுத்து மட்டும்தான் இவருடையது, எழுத்து வேறு ஒருவருடையது. நடுவில் ஒரு வரி இருந்தது: "திருப்பிக் கொடுக்கும் எண்ணம் இல்லாமல், ஏமாற்றும் நோக்கத்துடன் மேற்படி நூலைக் கடனாகப் பெற்றேன்."

"இதைப் படிச்சுப் பார்த்தீங்களா?" என்று கேட்டேன். "கையெழுத்துப் போட்டா வீட்டுக்குப் போலாம்னாங்க சார்" என்றார்.

அந்த ஒரு வரியில்தான் சட்டம் முழுவதும் இருக்கிறது. எழுதியவருக்கு அது நன்றாகத் தெரிந்திருக்கிறது. கடன் வாங்கிக் கொடுக்க முடியாமல் போவது குற்றமே கிடையாது. வாங்கும் அந்த நேரத்திலேயே கொடுக்கும் எண்ணம் இல்லாமல், பொய் சொல்லி வாங்கியிருந்தால்தான் அது மோசடி. முன்பு இந்திய தண்டனைச் சட்டம் 420 என்றார்கள். 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவில் அது 318(4) ஆகியிருக்கிறது. ஏழு வருடம் வரை சிறை, ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாத குற்றம். எண்ணம் ஆரம்பத்திலேயே கெட்டிருக்க வேண்டும் என்பதை உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லிவருகிறது. போலீசிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் கோர்ட்டில் சாட்சியமாகாது என்பதால் அந்தத் தாளுக்கு நான் பெரிதாகப் பயப்படவில்லை. ஆனாலும் சனி, ஞாயிறு கோர்ட் கிடையாது என்ற பயத்தில் அந்தக் குடும்பம் இரண்டு ராத்திரி சொந்த வீட்டில் படுக்கவில்லை.

நம் ஊர்த் தகராறுக்கு அச்சு அசலாகப் பொருந்தும் தீர்ப்பு ஒன்று 2024 ஆகஸ்டில் வந்தது. டெல்லி ரேஸ் கிளப்புக்குக் குதிரைத் தீவனம் சப்ளை செய்தவருக்கு ஒன்பது லட்சத்துச் சொச்சம் பாக்கி. நம்பிக்கை மோசடி என்று உத்தரப் பிரதேசத்தில் கிரிமினல் வழக்குப் போட்டார். நீதிபதிகள் ஜே.பி. பர்திவாலா, மனோஜ் மிஸ்ரா அமர்வு அதை ரத்து செய்தது. சரக்கை விற்றுவிட்டால் அது வாங்கியவருடைய சொத்து, அவரிடம் நீங்கள் எதையும் ஒப்படைக்கவில்லை, ஒப்படைக்காத இடத்தில் நம்பிக்கை மோசடி வராது என்பது தீர்ப்பின் சாரம். ஒரே சம்பவத்தில் மோசடியும் நம்பிக்கை மோசடியும் சேர்ந்து இருக்க முடியாது என்றும் சொன்னார்கள். தீவனம் என்ற இடத்தில் நாற்பதாம் நம்பர் நூல் என்று போட்டுப் படியுங்கள். நம் பகுதியில் எழுதப்படும் புகார்களில் இரண்டு பிரிவையும் சேர்த்துப் போடாத புகாரை நான் அபூர்வமாகத்தான் பார்க்கிறேன்.

இதில் தறிக்காரர்கள் கவனிக்க வேண்டிய வேறுபாடு ஒன்று இருக்கிறது. கொஞ்சம் நின்று சொல்கிறேன், ஏனென்றால் நம் தொழிலில் பாதி இதில்தான் நடக்கிறது. நூலை பில் போட்டுக் கடனுக்கு விற்பது ஒன்று. பாவும் ஊடை நூலும் கொடுத்து, துணியாக நெய்து வாங்கிக்கொண்டு மீட்டருக்குக் கூலி தருவது வேறொன்று. இரண்டாவதில் நூல் கடைசி வரைக்கும் கொடுத்தவருடையதுதான். சலான் போட்டு ஜாப் ஒர்க்குக்கு அனுப்பிய நூல் ஒப்படைத்த பொருள். அதைத் தறிக்காரர் எடுத்து வேறு ஆளுக்கு விற்றுவிட்டால் உண்மையிலேயே நம்பிக்கை மோசடி ஆகிவிடும், பாரதிய நியாய சன்ஹிதாவின் 316(2) பிரிவில் ஐந்து வருடம் வரைக்கும் தண்டனை உண்டு. "கூலிப் பாக்கி வரலை, அதான் கோன் நாலு மூட்டையை வித்துட்டேன்" என்று சொல்பவருக்கு முன் ஜாமீன் வாங்குவதே சிரமம்.

ஆனால் கூலி வரும் வரைக்கும் நெய்த துணியைக் கொடுக்காமல் நிறுத்தி வைத்தால் அது வேறு விஷயம். உழைப்பைப் போட்டு ஒரு பொருளைச் செய்து கொடுப்பவர், அந்த வேலைக்கான கூலி கிடைக்கும் வரை அந்தப் பொருளைத் தன்னிடம் நிறுத்தி வைத்துக்கொள்ளலாம் என்று 1872 ஒப்பந்தச் சட்டத்தின் 170வது பிரிவு சொல்கிறது, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் தவிர. துணியை வைத்திருக்கிறவர் அதை மறைக்கவில்லை, விற்கவில்லை, "கூலியைக் குடுத்துட்டு எடுத்துட்டுப் போங்க" என்கிறார். இவரைத் திருடன் மாதிரி ஸ்டேஷனுக்கு இழுப்பது அநியாயம். இப்படிப்பட்ட நிலையில் இருப்பவர்கள் தயவுசெய்து அதை எழுத்தில் வையுங்கள். இன்ன சலான், இத்தனை மீட்டர், இவ்வளவு கூலி பாக்கி, துணி என் குடோனில் பத்திரமாக இருக்கிறது என்று ஒரு பதிவுத் தபால் போதும். முன் ஜாமீன் மனுவில் அந்தத் தபால் ரசீதைப் போலப் பேசும் ஆவணம் வேறு இல்லை.

முன் ஜாமீன் என்றாலே தப்பு செய்தவர் ஒளிந்துகொள்ளும் இடம் என்று நம் ஊரில் ஒரு நினைப்பு இருக்கிறது. அது தவறு. 1969ல் சட்ட ஆணையம் தன் 41வது அறிக்கையில் இப்படி ஒரு ஏற்பாடு வேண்டும் என்று சொன்னதற்குக் காரணமே, செல்வாக்குள்ளவர்கள் போட்டியாளர்களைப் பொய் வழக்கில் சிக்க வைத்து, சில நாளாவது ஜெயிலில் வைத்து அவமானப்படுத்தப் பார்க்கிறார்கள் என்பதுதான். 1973 குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 438வது பிரிவாக வந்தது, இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 482. எஃப்.ஐ.ஆர். பதிவாகும் வரை காத்திருக்க வேண்டியதில்லை, கைது செய்வார்கள் என்று நம்புவதற்கு நியாயமான காரணம் இருந்தால் போதும் என்று 1980ல் குர்பக்ஷ் சிங் சிப்பியா வழக்கில் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தார்கள். கொடுத்த பாதுகாப்பு பொதுவாக வழக்கு முடியும் வரைக்கும் நிற்கலாம், குறிப்பிட்ட நாளோடு முடிய வேண்டியதில்லை என்று 2020 ஜனவரியில் சுசீலா அகர்வால் வழக்கில் இன்னொரு ஐவர் அமர்வு சொன்னது. நமக்கு முதல் கதவு திருப்பூர் முதன்மை மாவட்ட அமர்வு நீதிமன்றம், அங்கே தள்ளுபடியானால் சென்னை உயர் நீதிமன்றம்.

நீதிபதி என்ன பார்ப்பார்? பழைய கணக்கைத்தான் முதலில் பார்ப்பார். நான்கு வருடமாக வாங்கி, கட்டி, வாங்கி, கட்டி வந்த லெட்ஜர், கடைசி பில்லுக்கும் பாதிப் பணம் ஆர்.டி.ஜி.எஸ்.ஸில் போன ஸ்டேட்மெண்ட், சரக்கு சரியில்லை என்று அப்போதே அனுப்பிய டெபிட் நோட். இவை இருந்தால் ஆரம்பத்திலேயே ஏமாற்றும் எண்ணம் என்ற வாதம் நிற்பது கஷ்டம்.

முன் ஜாமீன் கிடைத்ததும் எல்லாம் முடிந்துவிடாது. இரண்டு ஜாமீன்தாரர் வேண்டும். மாஜிஸ்திரேட் முன்னால் போய் பத்திரம் எழுதிக் கொடுக்க வேண்டும். தினமும் காலை 10.30க்கு ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்பது நம் மாநிலத்தில் வழக்கமாகப் போடும் நிபந்தனை. காலை பத்தரைக்குத்தான் உங்கள் யூனிட்டில் லோடு ஏறும், பையர் ஆள் வருவார், ஷிப்ட் ஆள் கேட்டை விட்டு வெளியே போவார். முதலாளி ஸ்டேஷனில் கையெழுத்துப் போடுகிறார் என்ற செய்தி இரண்டாம் நாளே மார்க்கெட்டில் பரவிவிடும், மூன்றாம் நாள் அவருக்கு யாரும் நூல் கொடுக்கமாட்டார்கள். நான் சொன்ன நிட்டிங்காரருக்கும் இதுதான் நடந்தது. முன் ஜாமீன் கிடைத்தது. மெஷின் இரண்டை விற்றார், மற்ற கடன்காரர்கள் வந்து நெருக்கியதில் அந்தப் பணமும் அவர்களிடம் போனது. புகார் கொடுத்தவருக்கு ஒரு ரூபாய்கூட வரவில்லை.

இந்த இடத்தில் கடன்பட்டவர்களுக்கு ஒன்று. ஜாமீன் கிடைக்க வேண்டும் என்ற அவசரத்தில் "இத்தனை லட்சம் கட்டிவிடுகிறேன்" என்று கோர்ட்டில் வாக்குக் கொடுக்காதீர்கள். இல்லாத பணத்துக்குக் கொடுத்த வாக்கு பிறகு ஜாமீனை ரத்து செய்யும் காரணமாகத் திரும்பி வரும். 2023 ஜூலையில் ரமேஷ் குமார் வழக்கில், ஜாமீன் மனு என்பது பாக்கி வசூலிக்கும் இடம் இல்லை என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. 2025 ஜூலையில் நீதிபதிகள் பர்திவாலா, ஆர். மகாதேவன் அமர்வு ஒரு படி மேலே போய், பணம் கட்டுகிறேன் என்ற உறுதிமொழியை வைத்து ஜாமீனோ முன் ஜாமீனோ கொடுக்கக் கூடாது, வழக்கின் தன்மையைப் பார்த்துத்தான் முடிவு செய்ய வேண்டும் என்று எல்லா கோர்ட்டுகளுக்கும் சொல்லிவிட்டது. எனவே "முன் ஜாமீனுக்கு வரும்போது கோர்ட்டே பாதிப் பணத்தைக் கட்டச் சொல்லும்" என்ற கணக்கில் புகார் கொடுப்பவர்களுக்கு அந்தக் கணக்கும் இனி ஓடாது.

ஸ்டேஷனில் இருந்து கூப்பிட்டாலே கைது என்றும் அர்த்தம் இல்லை. ஏழு வருடம் வரை தண்டனையுள்ள குற்றத்தில் கைது தானாக நடக்கக் கூடாது, காரணத்தை எழுதி வைக்க வேண்டும், தேவையில்லாத இடத்தில் நோட்டீஸ் கொடுத்து விசாரிக்க வேண்டும் என்பது 2014ல் அர்னேஷ் குமார் வழக்கில் வந்த கட்டளை. அந்த நோட்டீஸ் இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 35(3) பிரிவில் வருகிறது. அதை வாட்ஸ்அப்பில் அனுப்பினால் செல்லாது என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. முறைப்படி வந்த நோட்டீசுக்கு ஒழுங்காக ஆஜராகுங்கள், பில்லும் லெட்ஜரும் கொண்டுபோய்க் கொடுங்கள், கொடுத்ததற்கு ஒப்புதல் வாங்குங்கள். படிக்காமல் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். தேதி போடாத செக் எதையும் அங்கே கொடுக்காதீர்கள். வியாபாரத் தகராறில் எஃப்.ஐ.ஆர். போடும் முன் பூர்வாங்க விசாரணை நடத்தலாம் என்று 2013 லலிதா குமாரி தீர்ப்பே இடம் கொடுக்கிறது, அந்த விசாரணையைக் கேளுங்கள்.

இனி பணம் வர வேண்டியவர்களிடம் பேச வேண்டும். ஸ்டேஷனில் நீங்கள் இழப்பது நாட்களை. செக் திரும்பி வந்தால், பேங்க் தகவல் கிடைத்த 30 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்த 15 நாளில் பணம் வரவில்லை என்றால் அடுத்த ஒரு மாதத்துக்குள் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் வழக்கு. செலாவணி முறிச்சட்டம் 138ல் இதுதான் கால அட்டவணை. "இன்ஸ்பெக்டர் பேசிட்டு இருக்காருங்க" என்று இருந்து, அந்த முப்பது நாளையும் விட்டுவிட்டு வந்தவர்களைப் பார்க்கும்போது எனக்கு வயிறு எரியும். கையில் இருந்த பலமான வழக்கைக் காவல் நிலைய வாசலில் தொலைத்துவிட்டு வருகிறார்கள். சிவில் வழக்குக்கு மூன்று வருடக் கெடு. அது ஓடிக்கொண்டேதான் இருக்கும், மனு ரசீது அதை நிறுத்தாது. அந்த மூன்று வருடத்துக்குள் எதிராளி பாக்கியை ஒப்புக்கொண்டு ஒரு கடிதத்தில் கையெழுத்துப் போட்டால் கெடு புதிதாகத் தொடங்கும். மார்ச் மாதம் ஆடிட்டருக்காக வாங்கும் பாக்கி உறுதிக் கடிதத்தை ஒழுங்காக வாங்கி வைத்தாலே போதும்.

சிறு, குறு உற்பத்தியாளராகவோ ஜாப் ஒர்க் யூனிட்டாகவோ உத்யம் பதிவு இருந்தால் 2006 சிறு, குறு, நடுத்தரத் தொழில் சட்டம் உங்கள் பக்கம். எழுதி ஒப்பந்தம் போட்டிருந்தாலும் 45 நாளுக்கு மேல் தவணை கிடையாது. தாண்டினால் ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப் போல மூன்று மடங்கு, மாதாமாதம் கூட்டு வட்டி. வசதியாக்க மன்றத்தில் ஆன்லைனிலேயே மனு போடலாம். மன்றத்தின் தீர்ப்பை எதிர்த்து எதிராளி கோர்ட்டுக்குப் போக வேண்டும் என்றால் முதலில் 75 சதவீதத்தைக் கட்டியாக வேண்டும். 90 நாளில் முடிக்க வேண்டும் என்று சட்டத்தில் இருந்தாலும் நடைமுறையில் இழுக்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். வெறும் வாங்கி விற்கும் நூல் வியாபாரிகளுக்கு இந்த வழி கிடையாது, அவர்களுக்கு மூன்று லட்சத்துக்கு மேற்பட்ட தகராறுகளுக்கு வணிக நீதிமன்றம் இருக்கிறது. அங்கே அவசரத் தடை கேட்காத வழக்குக்கு முன்னால் சமரசப் பேச்சு கட்டாயம். உத்யம் பதிவைச் சரக்கு அனுப்பும் முன்பே முடித்து வையுங்கள், பிறகு பதிந்தால் அதுவே ஒரு தனி வழக்காகிவிடுகிறது.

நிஜமான மோசடிக்காரனை விட்டுவிடச் சொல்வதாக நினைக்க வேண்டாம். வாடகை குடோன் பிடித்து, யார் பெயரிலோ ஜி.எஸ்.டி. நம்பர் வாங்கி, முதல் இரண்டு பில்லுக்கு உடனே பணம் கொடுத்து நம்ப வைத்து, மூன்றாவதில் ஒரு லாரி நூலை எடுத்து அடுத்த வாரமே நஷ்ட விலைக்கு விற்றுவிட்டு ஷட்டரைப் பூட்டுபவன் நம் ஊருக்கும் வருகிறான். அவன் மேல் அன்றைக்கே புகார் கொடுங்கள். அவன் முன் ஜாமீன் கேட்டால் நீங்களும் இடையீட்டு மனு போட்டு எதிர்க்கலாம். திருப்பூரில் பாசி நிதி நிறுவனத்தில் சுமார் 930 கோடி ரூபாயை மக்கள் இழந்ததையும், அந்த வழக்கில் கோவை சிறப்பு நீதிமன்றம் 2022 ஆகஸ்டில் 27 வருடத் தண்டனை கொடுத்ததையும் நாம் மறக்கவில்லை. முதலீடு செய்தவர்கள் தீர்ப்புக்காகப் பத்து வருடத்துக்கு மேல் காத்திருந்தார்கள். அப்படிப்பட்ட வழக்கைத் துருவ வேண்டிய மாவட்டக் குற்றப் பிரிவின் மேஜையில் நம் கூலி பாக்கியும் நூல் பாக்கியும் குவிந்து கிடந்தால், நிஜமாகக் கொள்ளை போனவர்களின் கோப்பு அடியில் போய்விடுகிறது.

எனக்கு ஒரு யோசனை இருக்கிறது, சங்கங்களில் இருப்பவர்கள் எடுத்துப் பேச வேண்டும். திருப்பூர் ஏற்றுமதித் தொழிலில் தகராறுகளைப் பேசித் தீர்க்க ஆர்பிட்ரேஷன் கவுன்சில் இருக்கிறது. கிராமப்புற யூனிட்டுகளுக்கு அந்த மாதிரி எதுவும் எட்டவில்லை. நாம் அப்படி உட்காரத் தெரியாதவர்களும் இல்லை. 2025ல் கூலி உயர்வுக்காக விசைத்தறிகள் ஒரு மாதம் நின்றபோது, தறிக்காரரும் ஜவுளி உற்பத்தியாளரும் அதிகாரிகள் முன்னிலையில் உட்கார்ந்து ரகத்துக்கு இத்தனை சதவீதம் என்று பேசி முடித்தார்கள். அதே மேஜையில் பாக்கித் தகராறுக்கும் இடம் வேண்டும். இரு தரப்பிலும் நம்பிக்கையான இரண்டு பேர், கணக்குப் பார்க்கத் தெரிந்த ஒரு ஆடிட்டர். இரண்டு லெட்ஜரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒத்துப்பார்ப்பது முதல் வேலை. பாக்கி எவ்வளவு என்று இருவரும் கையெழுத்துப் போடுவது இரண்டாவது. தவணை பேசுவது அதற்குப் பிறகு. மிரட்டலும் கமிஷனும் உள்ளே வந்தால் அது கட்டப் பஞ்சாயத்து ஆகிவிடும், அந்த ஆபத்தைத் தவிர்க்க எல்லாம் எழுத்தில், சங்கத்தின் புத்தகத்தில் நடக்கட்டும். அதற்கான தாள்களை எழுதிக் கொடுக்க நானும், கோர்ட்டில் என்னோடு இருக்கும் சில வக்கீல்களும் கட்டணம் இல்லாமல் வரத் தயார்.

அடுத்த சங்கக் கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இதைச் சேர்க்கச் சொல்லிச் செயலாளர்களுக்குத் தனியாகவும் எழுதுகிறேன். கூட்டத் தேதி சொல்லுங்கள், வருகிறேன்.

அன்புடன்,
பொங்கலூர்ப் பக்கத்து வக்கீல் ஒருவர்